நேரத்தைத் திருப்பும் குறுவாள்

நேயர்களுக்கு வணக்கம். வீடியோ கேம் விளையாடுகிறவர்களுக்கு ஒரு சலிப்பு நன்றாகப் பழக்கம். அரை மணி நேரம் பாடுபட்டுக் கோட்டை உச்சிக்கு ஏறி வந்திருப்போம். கடைசித் தாவலில் விரல் சற்றே பிசகும். ஆள் பள்ளத்தில் விழுவான். மறுபடி கீழேயிருந்து ஏற வேண்டும். இந்தச் சலிப்பைப் போக்க வந்த ஒரு குறுவாளைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். 2003-இல் வெளிவந்த 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: தி சாண்ட்ஸ் ஆஃப் டைம்' என்ற கேமில் பாரசீக இளவரசன் கையில் இருக்கும் குறுவாள் அது. ஓடிய நேரத்தைத் திருப்பி ஓட்டும் வல்லமை அதற்கு உண்டு.

அதற்கு முந்தைய கதையைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். இந்த இளவரசனை உருவாக்கியவர் ஜோர்டான் மெக்னர் என்ற அமெரிக்கர். தன் தம்பியை ஓடச் சொல்லி, தாவச் சொல்லிப் படம் பிடித்து, அந்தப் படங்களைப் பார்த்து ஒவ்வொரு அசைவாக வரைந்து, 1989-இல் முதல் 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா'வை வெளியிட்டார். அதில் இளவரசியை மீட்க உங்களுக்குக் கிடைப்பது 60 நிமிடம். விழுந்தாலும், வழி தவறினாலும் கடிகாரம் நிற்காது. காலம்தான் அங்கே மிகப் பெரிய பகைவன். 14 ஆண்டுகள் கழித்து, கனடாவின் மான்ட்ரியல் நகரில் இயங்கும் யூபிசாஃப்ட் என்ற கேம் நிறுவனத்தின் குழுவோடு சேர்ந்து அவர் புதிய கேமை உருவாக்கியபோது, அந்தப் பகைவனையே ஆயுதமாக்கி இளவரசன் கையில் கொடுத்தார்கள்.

அது வேலை செய்யும் விதத்தைச் சொல்கிறேன். இளவரசன் சுவரில் ஓடுகிறான், கம்பத்தைப் பிடிக்கப் பாய்கிறான், கை எட்டவில்லை, விழுகிறான். இப்போது ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தால் திரை மங்கலாக மினுங்குகிறது, சத்தம் எல்லாம் தலைகீழாக ஒலிக்கிறது, விழுந்தவன் விழுந்த வழியே மேலே ஏறி, சுவரில் பின்பக்கமாக ஓடி, பழைய விளிம்பில் வந்து நிற்கிறான். பட்டனை விட்டால் மறுபடி தாவலாம். முதல் தடவை இதைப் பார்க்கிறவர்கள் வேண்டுமென்றே இன்னொரு முறை விழுந்து பார்ப்பார்கள். அவ்வளவு அழகு அது.

வெறும் கண்காட்சியாக இருந்திருந்தால் நான் இங்கே பேச வந்திருக்க மாட்டேன். குறுவாளில் மந்திர மணல் இருக்க வேண்டும். ஒவ்வொரு முறை நேரத்தைத் திருப்பும்போதும் கொஞ்சம் மணல் தீர்கிறது. திரும்புவதும் சில விநாடிகள்தான். மணல் தீர்ந்த பிறகு விழுந்தால், விழுந்ததுதான். மறுபடி நிரப்ப வேண்டுமானால், மணலால் அரக்கர்களாக மாறிப்போன வீரர்களை வீழ்த்தி, அதே குறுவாளால் குத்தி மணலை உறிஞ்ச வேண்டும். ஆக, தப்பைத் திருத்தும் உரிமையை இளவரசன் சண்டை போட்டுத்தான் சம்பாதிக்கிறான். இந்த விலை இருப்பதால்தான் ஒவ்வொரு தாவலிலும் நமக்கு நெஞ்சு படபடக்கிறது.

கருவியை ஆக்கியவர்களும் ஒரு விலை கொடுத்தார்கள். கதைக்கு மந்திரம் போதும், கணினிக்குப் போதாது. இளவரசன் எங்கே நின்றான், எதிரி எந்தப் பக்கம் வாளை ஓங்கினான், எந்தத் தூண் சரிந்தது என்று ஒவ்வொரு கணமும் பதிவாகிக்கொண்டே வர வேண்டும். அப்போதுதான் திருப்பி ஓட்ட முடியும். இந்தக் கேம் ஓடிய விளையாட்டுக் கருவிகளில் ஒன்றான பிளேஸ்டேஷன் 2-இல் இருந்த முதன்மை நினைவகம் 32 மெகாபைட். இன்றைய சாதாரணக் கைபேசியில் இருப்பதன் அருகில்கூட வராது. அதற்குள் இதைச் செய்துகாட்டிய நிரலாளர்களின் உழைப்பைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. எனக்கு அவர்கள் மேல் பெரிய மரியாதை உண்டு.

அப்புறம் கதை. இந்தியாவில் ஒரு மகாராஜாவின் அரண்மனையைத் தாக்கும்போது குறுவாளைக் கைப்பற்றுகிறான் இளவரசன். பிறகு ஆசாத் சுல்தானின் அரண்மனையில், அந்த மகாராஜாவின் மந்திரி பேச்சில் மயங்கி, அதைப் பெரிய மணற்கடிகாரத்தில் செருகுகிறான். உள்ளே அடைபட்டிருந்த மணல் வெடித்துக் கிளம்பி அரண்மனையில் இருந்தவர்களை அரக்கர்களாக்குகிறது. அவன் தந்தையும் தப்பவில்லை. மிஞ்சுபவர்கள் மூன்று பேர்: இளவரசன், மந்திரி, மகாராஜாவின் சிறைபிடிக்கப்பட்ட மகள் ஃபாரா. பகையாகத் தொடங்கும் இளவரசனும் ஃபாராவும் வழியெல்லாம் சண்டை போட்டுக்கொண்டே நெருங்குகிறார்கள்.

முழுக் கதையையும் இளவரசனே யாருக்கோ சொல்லிக்கொண்டு வருகிறான். நடுவில் மணல் இல்லாமல் நாம் செத்துவிட்டால், 'இல்லை, அப்படி நடக்கவில்லை' என்கிற மாதிரி அவன் குரல் ஒலிக்கும். கதை சொல்பவன் தடுமாறித் திருத்திக்கொள்வதாக நம் தோல்வியே கதைக்குள் சேர்ந்துவிடுகிறது. ஆயிரத்தொரு இரவுகள் பிறந்த மண்ணுக்கு இதைவிடப் பொருத்தமான உத்தி கிடையாது.

முடிவில் ஃபாரா இறந்துவிடுகிறாள். இளவரசன் குறுவாளை மணற்கடிகாரத்தில் மறுபடி செருகுகிறான். இந்த முறை சில விநாடிகள் அல்ல, எல்லாமே திரும்புகிறது. தாக்குதல் நடக்கவே இல்லை. ஃபாரா உயிரோடு இருக்கிறாள். தந்தையும் பிழைத்தார். ஆனால் நடந்ததெல்லாம் நினைவில் இருப்பது குறுவாளை வைத்திருந்தவனுக்கு மட்டும்தான். அவளுக்கு அவன் யாரோ ஒரு அந்நியன். இவ்வளவு நேரம் அவன் கதை சொன்னது அவளிடம்தான் என்பது அப்போதுதான் நமக்குத் தெரிகிறது.

அடுத்து வரும் காட்சியைத்தான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தேன். கதையை நம்பாத ஃபாராவை அவன் முத்தமிடுகிறான். அவள் தள்ளிவிடுகிறாள். உடனே குறுவாளால் அந்தச் சில விநாடிகளைத் திருப்பிவிடுகிறான். அவளுக்கு அப்படி ஒன்று நடந்ததே தெரியாது. பலர் இதை இனிமையான காட்சியாக நினைவு வைத்திருக்கிறார்கள். என்னால் முடியவில்லை. இன்னொருவருக்கு நடந்ததை அவருக்கே தெரியாமல் அழித்துவிடும் அதிகாரம் அது. பள்ளத்தில் விழுந்தபோது நம்மைக் காப்பாற்றிய அதே பட்டன்தான் இங்கேயும். அதில் மன்னிப்புக் கேட்க வேண்டிய தேவையே இல்லாமல் போகிறது. அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

பிறகு அவன் தன் கதை வெறும் கதைதான் என்று ஒத்துக்கொள்கிறான். அவள் பெயர் கேட்கும்போது அவன் சொல்லும் சொல் 'காகோலூகீயம்'. பஞ்சதந்திரத்தில் காக்கை, ஆந்தைப் பகையைச் சொல்லும் மூன்றாம் தந்திரத்தின் பெயர். பயம் வந்தால் சொல்லும்படி சிறுவயதில் ஃபாராவுக்கு அவள் அம்மா சொல்லிக்கொடுத்த ரகசியச் சொல். அழிந்துபோன காலத்தில் அவளே அவனிடம் சொன்னது அது. குறுவாளால் அழிக்க முடியாத ஒரே சாட்சியாக அந்தச் சொல் இப்போது அவள் காதில் விழுகிறது. அவனைப் பற்றி இனி என்ன நினைப்பது என்பதை அவள்தான் முடிவு செய்ய வேண்டும். நன்றி, வணக்கம்.