உஸ்பென்ஸ்காயாவின் பெருமை திரையிலே!

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவை நிறைய அமர்ந்திருக்கும் சினிமா ரசிகர்களே, எல்லோருக்கும் வணக்கம்.

"மரியா உஸ்பென்ஸ்காயாவின் பெருமை விஞ்சி நிற்பது வகுப்பறையிலா, திரையிலா?" இதுதான் தலைப்பு. ரஷ்யாவிலிருந்து அமெரிக்கா வந்து, நடிப்பு ஆசிரியையாகவும் ஹாலிவுட் நடிகையாகவும் இருந்தவர் இவர். திரையிலே என்று பேச வந்திருக்கிறேன்.

எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர் தயார் செய்துகொண்டுதான் வந்திருக்கிறார். 1876இல் ரஷ்யாவின் தூலா நகரில் பிறந்தவர், மாஸ்கோ கலை அரங்கில், நடிப்புப் பயிற்சிக்கு ஒரு முறையை வகுத்த இயக்குநர் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியிடம் தொழில் கற்றவர், 1923இல் அந்தக் குழுவோடு அமெரிக்கா வந்து, குழு ஊர் திரும்பியபோது நியூயார்க்கிலேயே தங்கிவிட்டவர் என்று வரிசையாகச் சொன்னார். ரிச்சர்ட் போலெஸ்லாவ்ஸ்கியின் அமெரிக்கன் லெபாரட்டரி தியேட்டர் என்ற நாடகப் பயிற்சி அரங்கில் இந்த அம்மா நடிப்புச் சொல்லித்தந்ததையும், பின்னாளில் அமெரிக்க நாடக உலகில் பெயர்பெற்ற லீ ஸ்ட்ராஸ்பெர்க், ஸ்டெல்லா ஆட்லர், ஹெரால்ட் கிளர்மன் மூவரும் அங்கே படித்ததையும் சொன்னார். பிறகு, "அவர் நடத்திய நடிப்புப் பள்ளிதான் அவருக்கு உயிர். பள்ளியை நடத்தப் பணம் போதாமல்தான் ஹாலிவுட்டுக்குப் போனார். சினிமா அவருக்கு வெறும் பிழைப்பு" என்று முடித்தார். கைதட்டலும் வாங்கினார்.

பள்ளிக்குப் பண நெருக்கடி இருந்தது உண்மைதான், நான் மறுக்கவில்லை. ஆனால் ஒருவர் எதற்காக ஒரு வேலைக்குப் போனார் என்பது வேறு. போன இடத்தில் என்ன செய்தார் என்பது வேறு. நடுவர் எடைபோட வேண்டியது போன இடத்தில் செய்ததை.

என்ன செய்தார்? 1936ஆம் வருடம், 'டாட்ஸ்வொர்த்'. வில்லியம் வைலர் இயக்கிய படம். உஸ்பென்ஸ்காயாவுக்கு அப்போது வயது அறுபது. ஹாலிவுட்டில் அதுதான் முதல் படம். ஒரே ஒரு காட்சி, சில நிமிடங்கள்தான். கணவனை விட்டு வியன்னாவில் தங்கியிருக்கும் ஃபிரான் என்ற அமெரிக்கப் பெண், தன்னைவிட இளையவனான கர்ட்டை மணக்கத் துடிக்கிறாள். அவனுடைய அம்மா, கறுப்பு உடை உடுத்திய பாரனஸ், அதாவது பிரபுகுலப் பெண்மணி, அவளைப் பார்க்க வருகிறார். அந்த வேடம்தான் உஸ்பென்ஸ்காயாவுடையது. மாமியாராக வரப்போகிறவர் சத்தம் போடுவார், பழிப்பார் என்றுதானே எதிர்பார்ப்போம்? இவர் குரலே உயர்த்தவில்லை. விவாகரத்தைத் தன் மதம் ஏற்காது என்கிறார். பிள்ளை பெற்றுத்தர முடியுமா என்ற கேள்வி வருகிறது. கடைசியில், இளம் கணவனுக்கு வயதான மனைவியாக இருப்பவளுக்கு எவ்வளவு குறைந்த மகிழ்ச்சிதான் கிடைக்கும் என்று யோசித்தாயா என்று கேட்கிறார்.

அந்த இடத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். பாரனஸின் முகத்தில் வெறுப்பு ஒரு துளிகூட இல்லை. தானும் ஒரு காலத்தில் பெண்ணாக ஆசைப்பட்டவள்தான் என்பதுபோல ஓர் இரக்கம் கண்ணில் தெரிகிறது. அந்த இரக்கம்தான் ஃபிரானை உடைத்துப்போடுகிறது. படம் முழுக்க ஃபிரான் தன் வயதை மறைத்துக்கொண்டே வருகிறாள். அந்தப் பொய்யை நேருக்கு நேர் உட்கார்ந்து, மரியாதை குறையாமல் கலைக்கிறவர் இந்தப் பெரியம்மாதான். இதே வேடத்தை 1934இல் பிராட்வே மேடையிலும் அவர் நடித்திருந்தார். மேடையில் கடைசி வரிசைவரை எட்ட வேண்டிய நடிப்பைக் கேமராவுக்கு முன் எவ்வளவு சுருக்க வேண்டும் என்பது முதல் படத்திலேயே அவருக்குத் தெரிந்திருக்கிறது. ஆஸ்கரில் துணை நடிகைக்கான பரிசு தொடங்கிய முதல் வருடம் அது. அந்த ஒரே காட்சிக்காக அவர் பெயர் பரிந்துரைப் பட்டியலில் ஏறியது.

மறுவருடம் 'கான்க்வெஸ்ட்'. கிரேட்டா கார்போவின் படம், நெப்போலியனாக சார்லஸ் போயர். நினைவு பிசகிய ஒரு கிழவி, கோமகள் பெலாஜியா. ஐரோப்பாவையே நடுங்கவைத்த மன்னன் அவரோடு சீட்டாட உட்காருகிறான். நான்தான் பிரான்சின் பேரரசன் என்கிறான், கிழவி நம்பவே இல்லை. ஆட்டத்தில் அவன் செய்த திருட்டை மட்டும் கையும் களவுமாகப் பிடித்துவிடுகிறார். சிரிப்பு வரவழைக்கும் காட்சிதான். ஆனால் கார்போவும் போயரும் இருக்கிற படத்தில் மனதில் முதலில் நிற்பது அந்தச் சீட்டாட்டம் என்றால், அது யாருடைய பலம்?

"வந்ததெல்லாம் கிழவி வேடம், நாடோடி வேடம், ஒரே அச்சு" என்று எதிரணியில் இன்னொரு நண்பர் சொன்னார். சரி, அச்சு என்கிறீர்களா? 1940இல் வந்த இரண்டு படங்களை எடுத்துக்கொள்வோம். இரண்டிலும் பாலே நடன ஆசிரியை. 'வாட்டர்லூ பிரிட்ஜ்' படத்தில் மேடம் கிரோவா. விவியன் லீ நடித்த மைராவுக்குக் காதலன் அனுப்பிய கடிதத்தைக்கூட வாங்கிப் படிக்காமல் விடாதவர். போருக்குப் புறப்படுகிறவனை வழியனுப்ப ஓடி, ஒரு நிகழ்ச்சியைத் தவறவிட்டதற்காக அந்தப் பெண்ணை வேலையைவிட்டே அனுப்புகிறார். டோரதி ஆர்ஸ்னர் இயக்கிய 'டான்ஸ், கேர்ள், டான்ஸ்' படத்திலோ மேடம் பாசிலோவா. நொடித்துப்போன நடனப் பள்ளி. தன் மாணவிக்கு ஒரு நல்ல வாய்ப்புக் கிடைத்துவிடாதா என்று அவளைக் கையோடு அழைத்துப் போகிறவர், தெருவில் வண்டி மோதி இறந்துபோகிறார். தொழிலும் ஒன்று, ஆண்டும் ஒன்று, முகமும் ஒன்று. ஆனால் ஒருத்தியைப் பார்த்தால் பயம் வருகிறது, இன்னொருத்தி போனால் நெஞ்சு அடைக்கிறது.

'தி ரெய்ன்ஸ் கேம்' பற்றியும் கேட்டார்கள். 1939இல் இந்திய சமஸ்தானத்து மகாராணியாக ஒரு ரஷ்யப் பெண்ணை நடிக்கவைத்தது சரியா என்று. சரியில்லை. இந்தியர்களின் கதையை இந்தியர்கள் இல்லாமல் எடுத்தது அந்தக் காலத்து ஹாலிவுட்டின் குற்றம், அதை நான் மெழுகிப் பேசமாட்டேன். அதே 1939இல்தான் 'லவ் அஃபேர்' வந்தது. மதேய்ரா தீவில் தனியாக வாழும் பாட்டி ஜானூ. பேரனும் அவன் கூட்டிவந்த பெண்ணும் வந்திருக்கிறார்கள், பாட்டி பியானோ வாசிக்க அந்தப் பெண் பாடுகிறாள். கப்பலின் ஊதல் கேட்கிறது, வாசிப்பு நின்றுவிடுகிறது. இனி இவர்களைப் பார்க்கப்போவதில்லை என்பது பாட்டிக்குத் தெரியும் என்பதை அந்த நிறுத்தத்திலேயே நாம் புரிந்துகொள்கிறோம். இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரை அதற்கு. பரிசு அந்த வருடம் ஹாட்டி மெக்டேனியலுக்குப் போனது. அதில் எனக்கு வருத்தம் இல்லை, அவர் தகுதியானவர்.

அடுத்து 'தி வுல்ஃப் மேன்', 1941. மலேவா என்ற நாடோடிக் கிழவி. சாதாரணப் பேய்ப்படம் என்று எதிரணி ஒதுக்கிவிட்டது. நான் ஒதுக்கமாட்டேன், ஏனென்றால் அவர் அதைச் சாதாரணமாக நடிக்கவில்லை. ஓநாயாக மாறிக் கொல்லப்பட்ட மகனின் சவப்பெட்டி முன் நிற்கிறார். மகனாக நடித்த பேலா லுகோசி அவரைவிட ஆறு வயதுதான் இளையவர்! அந்தக் காட்சியைப் பார்க்கும்போது யாருக்காவது அது தோன்றியிருக்கிறதா? நீ நடந்த பாதை முள் நிறைந்தது, அது உன் குற்றமல்ல என்று தொடங்கி, அழுகை இல்லாமல், தாலாட்டை முடித்துவைக்கிற குரலில் சொல்கிறார். படத்தின் முடிவில், அதேபோல ஓநாயாக மாறிய நாயகன், லான் சேனி ஜூனியர் நடித்த லாரி, செத்துக்கிடக்கும்போது அதே வரிகளை அவனுக்கும் சொல்கிறார். முதலில் பெற்ற மகனுக்கு, பிறகு யாரோ பெற்ற பிள்ளைக்கு. அந்த இரண்டாம் தடவை இல்லையென்றால் லாரி வெறும் மிருகமாகச் செத்திருப்பான். அவனை மனிதனாக வழியனுப்புவது அந்தக் கிழவியின் குரல். எண்பது வருடம் தாண்டியும் அந்தப் படம் பேசப்படுகிறது என்றால், ஒப்பனைக்கு ஒரு பங்கு கொடுங்கள், இந்தக் குரலுக்கும் ஒரு பங்கு கொடுங்கள்.

இப்போது வகுப்பறைக்கு வருகிறேன். அங்கே ஊன்றிய விதை ஸ்தனிஸ்லாவ்ஸ்கியுடையது. நிறுவனத்தை நடத்தியதில் போலெஸ்லாவ்ஸ்கிக்கும் பங்கு உண்டு. 1931இல் குரூப் தியேட்டர் என்ற நாடகக் குழுவைத் தொடங்கிய ஸ்ட்ராஸ்பெர்க், கிளர்மன் போன்றவர்கள் அந்தப் பயிற்சியைத் தங்கள் வழியில் மாற்றிக்கொண்டார்கள். 1934இல் ஸ்டெல்லா ஆட்லர் பாரிஸில் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியையே நேரில் சந்தித்துவிட்டு வந்து, ஸ்ட்ராஸ்பெர்க் சொந்த நினைவுகளைத் தோண்டும் பயிற்சிக்கு அளவுக்குமேல் இடம் கொடுக்கிறார் என்று சொல்ல, அந்தச் சண்டை அவர்கள் வாழ்நாள் முழுக்கத் தீரவில்லை. இத்தனை கை பட்ட ஒன்றில் உஸ்பென்ஸ்காயாவின் பங்கு இவ்வளவு என்று யாரால் பிரித்துக் காட்ட முடியும்? திரையில் அந்தச் சிக்கலே இல்லை. பாரனஸின் பார்வை, ஜானூவின் விரல்கள், மலேவாவின் குரல் எல்லாம் அவருடையவை, அவருடையவை மட்டுமே. 1949இல் ஒரு தீ விபத்தை அடுத்து அவர் இறந்துபோனார். அந்த வருடமும் அவர் நடித்த ஒரு படம் வெளிவந்தது. எழுபது வயது தாண்டியும் கேமரா முன்னால் வந்து நின்றவரைப் பார்த்து, பிழைப்புக்காக நடித்தார் என்று எப்படிச் சொல்ல மனம் வருகிறது?

நடுவர் அவர்களே, மணி அடித்துவிட்டீர்கள். அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பருக்கு ஒரு கேள்வி வைத்துவிட்டு அமர்கிறேன். ஒரே வகுப்பறையில் படித்த ஸ்ட்ராஸ்பெர்க்கும் ஆட்லரும் எதிரெதிராக நின்றார்களே, அவர்களில் யார் சொன்னது உஸ்பென்ஸ்காயாவின் பாடம்? அதைச் சொல்லிவிட்டு உங்கள் வாதத்தைத் தொடங்குங்கள்.

நன்றி, வணக்கம்.