கழுத்துல கையே இல்லாம செத்தவரு

எல்லாருக்கும் வணக்கம். டிவி பாத்துட்டு இருப்போம், திடீர்னு வீட்ல யாராவது "ஏய் இந்த ஆள எங்கயோ பாத்திருக்கோமே, அதுல வாத்தியாரா வருவாருல்ல"ன்னு ஆரம்பிப்பாங்க, அவ்ளோதான், கதைய விட்டுட்டு எல்லாரும் அந்த ஆளோட பேரத் தேடுவோம், முகம் நல்லாத் தெரியும், பேரு மட்டும் வரவே வராது. அப்படிப்பட்ட ஒருத்தரப் பத்தித்தான் இன்னைக்கு பேச வந்திருக்கேன். பேரு மைக்கேல் ஷியர்ட். பிரிட்டிஷ் டிவில வருஷக்கணக்கா குணச்சித்திர வேஷம் கட்டினவரு. மறுபடியும் சொல்றேன், மைக்கேல் ஷியர்ட், ஏன்னா நான் பேசி முடிக்கும்போது வேற எது மறந்தாலும் அந்தப் பேரு உங்க மனசுல நிக்கணும்.

1938ல ஸ்காட்லாந்துல அபர்டீன்ல பிறந்தாரு, அப்பா பாதிரியார். லண்டன்ல ராடான்னு பேர்போன நாடகப் பள்ளில படிச்சுட்டு அறுபதுகள்ல டிவிக்குள்ள வந்தாரு. பிபிசில 'டாக்டர் ஹூ'ன்னு ஒரு தொடர், 1963ல ஆரம்பிச்சது, அதுல ஹீரோவா நடிக்கிறவரே அப்பப்போ மாறிடுவாரு, கதையே அப்படி. நம்மாளு 1966ல இருந்து 1988 வரைக்கும் அதுல ஆறு தடவை வந்தாரு, ஆறு தடவையும் வேற வேற ஆளா. அதுக்குள்ள எதிர்ல நின்ன ஹீரோ அஞ்சு பேரு மாறியாச்சு.

அந்தக் காலத்து வேலை எப்படின்னு கொஞ்சம் சொல்லணும். லண்டன்ல ஆக்டன் பக்கம் பிபிசிக்குன்னு ஒரு ஒத்திகைக் கட்டடம், மாடி மாடியா ஹாலு. செட்டுன்னு ஒண்ணும் கிடையாது, தரையில கலர் கலரா டேப் ஒட்டியிருப்பாங்க, இந்தக் கோடு சுவரு, இந்த இடைவெளி கதவு. அந்த டேப்புக்கு நடுவுல நின்னு நாள் கணக்கா ஒத்திகை பாத்துட்டு, அப்புறம் ஸ்டுடியோவுக்குப் போயி நாலஞ்சு கேமரா முன்னாடி ரெண்டு நாள்ல எடுத்து முடிச்சுடுவாங்க. அதனால கெஸ்ட்டா வர்ற நடிகருக்கு கொஞ்சம் கொஞ்சமா பாத்திரத்துக்குள்ள போற அவகாசமெல்லாம் இல்ல, வந்த அன்னைக்கே அந்த மனுஷனா நிக்கணும். ஷியர்ட் அதுல கெட்டிக்காரர்.

இப்போ எனக்கு ரொம்பப் பிடிச்ச இடத்துக்கு வரேன். 1975ல 'பிரமிட்ஸ் ஆஃப் மார்ஸ்'ன்னு ஒரு கதை, டாம் பேக்கர் ஹீரோ. கதை நடக்கறது 1911ல. ஷியர்டுக்கு லாரன்ஸ்னு ஒரு அப்பாவி கண்டுபிடிப்பாளர் வேஷம், வீட்லயே மெஷினு கட்டிட்டு அது சிக்னல் பிடிச்சா குழந்தை மாதிரி சந்தோஷப்படுற ஆளு. அவரோட கூடப்பிறந்தவர் எகிப்துல கல்லறை தோண்டப் போனவரு, ஒரு தீய சக்தி அவரு உடம்புக்குள்ள புகுந்துடுது, அதாவது நடமாடுறது வெறும் உடம்புதான், ஆளு போயாச்சு. எல்லாரும் சொல்றாங்க, அது உன் சகோதரன் இல்லன்னு. லாரன்ஸால நம்ப முடியல, நேருக்கு நேரா நின்னு, சின்ன வயசுல நாம சேர்ந்து விளையாடினோமே, நீ மார்கஸ்தானேன்னு ஞாபகப்படுத்திக்கிட்டே இருக்காரு. அந்தக் குரல கவனிங்க, கெஞ்சலே இல்ல அது, தூங்குறவன எழுப்புற மாதிரி மெதுவா கூப்பிடுறாரு. ஒரு நொடி அந்த முகத்துல ஏதோ அசையும், நமக்கும் ஆசை வரும். அப்புறம் அந்தக் கையாலயே லாரன்ஸ் சாகிறாரு. நான் எத்தனையோ தடவை பாத்துட்டேன், ஒவ்வொரு தடவையும் இந்த முறை மார்கஸ் திரும்பிடுவாரோன்னுதான் உக்காந்திருக்கேன்.

அதுல கொல்ல ஒரு கை இருந்துச்சு. அஞ்சு வருஷம் கழிச்சு, 1980ல, ரெண்டாவது ஸ்டார் வார்ஸ் படம். அதுல அட்மிரல் ஓஸல்னு ஒருத்தர் தப்பான இடத்துல கப்பல் கூட்டத்த நிறுத்திடுவாரு, படத்தோட வில்லன் டார்த் வேடர் வேற ஒரு அறையில இருந்து, திரையில தெரிஞ்சுக்கிட்டே, தொடாமலே தன் சக்தியால அவர மூச்சு முட்ட வெச்சு கொன்னுடுவாரு. அந்த ஓஸல் நம்ம ஷியர்ட்தான். யோசிச்சுப் பாருங்க, கழுத்துல யாரோட கையும் இல்ல, கயிறு இல்ல, ஒண்ணுமே இல்ல. தன் கையால காலரப் பிடிச்சுக்கிட்டு, இல்லாத ஒரு கைய நமக்குக் காட்டணும். பக்கத்துல இன்னொருத்தருக்குப் பதவி உயர்வு நடந்துட்டு இருக்கு, எல்லாரும் அந்தப் பேச்சதான் கேப்பாங்க, ஆனா அந்தக் காட்சி பயமா இருக்கறது ஓரத்துல சரியுற இந்த மனுஷனாலதான். அவரு நம்ப வைக்கலன்னா வேடருக்கு ஏது சக்தி? இத நான் எங்க போனாலும் சொல்லுவேன், வில்லனுக்குப் பலம் கொடுக்கறது அவன் கையில சாகிறவன்.

டிவிலயும் சினிமாவுலயுமா ஹிட்லர் வேஷம் மட்டும் அஞ்சு தடவை போட்டிருக்காரு. 1989ல வந்த இண்டியானா ஜோன்ஸ் படத்துல டைரில கையெழுத்து போட்டுட்டுப் போவாரே, அதுவும் இவருதான், சில நொடிதான். அதே 1989லதான் பிபிசில பிள்ளைங்களுக்கான 'கிரேஞ்ச் ஹில்' தொடர்ல மிஸ்டர் பிரான்சனா அவரோட கடைசி வருஷம். 1985ல இருந்து வந்த வேஷம் அது, துணைத் தலைமை ஆசிரியர், தலையில டோப்பா, அதட்டினா வராண்டாவே அடங்கிடும். இங்கிலாந்துல அந்த வயசுப் பிள்ளைங்களுக்கு அவரு ஷியர்டே இல்ல, பிரான்சன் சார்தான். டேனி கெண்டல்னு ஒரு பையன், அவனுக்கும் சாருக்கும் ஓயாத மோதல். கடைசில அந்தப் பையன் உடம்பு முடியாம சாரோட கார்லயே செத்துக் கிடப்பான். சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்து பாக்குற பிள்ளைங்களுக்கு இத காட்டினாங்கங்க. இவ்வளவு நாள் நடுங்க வெச்ச அந்த மனுஷனோட வாழ்க்கையில அது நடக்குதுங்கறதுதான் அதோட கனமே.

நேரம் முடியப்போகுதுன்னு கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுறாங்க. 'ஆஃப் வீடர்சேன் பெட்' பத்தி நெறைய வெச்சிருந்தேன், 1983, இங்கிலீஷ் கொத்தனாருங்க பொழப்புத் தேடி ஜெர்மனி போற கதை, அதுல ஹெர் க்ரூன்வால்ட்னு ஜெர்மன்காரரா வருவாரு, கிடைச்சா பாருங்க. 1988ல மறுபடி டாக்டர் ஹூவுல தலைமை ஆசிரியரா வந்தாரு, பிள்ளைங்க பாத்த உடனே கண்டுபிடிச்சிருக்கும். 2005 ஆகஸ்ட்ல ஐல் ஆஃப் வைட் தீவுல புற்றுநோயில போயிட்டாரு, 67 வயசு. மைக்கேல் ஷியர்ட். வணக்கம்.