காத்த கைக்கே பெருமை!

நடுவர் அவர்களே, வணக்கம். உலகப் புகழ்பெற்ற கட்டடங்களின் பெருமை கட்டியவருக்கா, காத்தவருக்கா என்பது தலைப்பு. எதிரணித் தலைவர் 'வீட்டைக் கட்டிப் பார்' என்று சொல்லிக் கைதட்டல் வாங்கிவிட்டுப் போனார். கட்டுவது கஷ்டந்தான், யார் இல்லை என்றார்கள்? ஆனால் கட்டி முடித்த அன்றைக்கே மழையும் துருவும் தங்கள் வேலையைத் தொடங்கிவிடுகின்றனவே, அதற்கு யார் பதில் சொல்வது?

ஈபிள் கோபுரம் 1889-இலிருந்து நிற்கிறது என்றார். ஐயா, அது சும்மா நிற்கவில்லை. ஏறத்தாழ ஏழு ஆண்டுக்கு ஒருமுறை ஆட்கள் அந்தரத்தில் ஏறி, துருவைச் சுரண்டி, தூரிகை பிடித்துக் கையாலேயே வண்ணம் அடிக்கிறார்கள். ஒரு தடவைக்கு 60 டன்!

வாருங்கள், மாலி நாட்டுக்குப் போவோம். ஜென்னே என்றொரு ஊர். அங்கே முழுக்க மண்ணாலான பெரிய பள்ளிவாசல். இப்போது நிற்பது 1907-இல் எழுப்பியது. மழைக்காலம் வந்தால் சுவர் கரையும். அதனால் ஆண்டுதோறும் ஊரே கூடிப் பூசுகிறது. சேற்றில் உமியைக் கலந்து குழியில் நாள்கணக்காக ஊற வைக்கிறார்கள். சிறுவர்கள் இறங்கி மிதித்துக் குழைக்கிறார்கள். பெண்கள் தண்ணீர் சுமக்கிறார்கள். பூசும் நாளில் இளைஞர்கள் கூடை கூடையாகச் சேற்றைத் தூக்கிக்கொண்டு ஓடி வர, கொத்தனார்கள் வெறுங்கையால் அதை அப்பித் தடவுகிறார்கள்.

சுவரெங்கும் பனங்கட்டைகள் துருத்திக்கொண்டு நிற்கும். படத்தில் பார்ப்பவருக்கு அது அலங்காரம். கொத்தனாருக்கோ அதுதான் சாரம்; அதில் கால்வைத்துத்தான் மேலே ஏறுகிறார். கட்டும்போதே, பின்னால் பூச வருகிறவன் ஏறுவதற்கு வழி வைத்திருக்கிறார்கள். காக்கிறவனை நம்பித்தான் கட்டியவனே கட்டியிருக்கிறான், நடுவர் அவர்களே!

இத்தனை காத்தும் 2009 நவம்பரில் பெருமழையில் ஒரு கோபுரத்தின் மேற்பகுதி சரிந்தது. கைவிட்டார்களா? இல்லை, மறுபடி எழுப்பினார்கள்.

'காப்பது கூலி வேலை, கட்டுவது கலை' என்றார் எதிரணி நண்பர். எனக்கு மனம் வலித்தது. கட்டிய ஈபிளின் பெயர் கோபுரத்துக்கே பெயராகிவிட்டது. அதன் முதல் தளத்தைச் சுற்றி 72 அறிஞர்களின் பெயர்களைப் பொறித்திருக்கிறார்கள். எல்லோரும் மதிக்கத் தக்கவர்களே. ஆனால் தலைமுறை தலைமுறையாகத் தூரிகை பிடித்தவர்களில் ஒருவர் பெயராவது அந்த வரிசையில் உண்டா? இரும்பில் கிடைக்காத இடத்தை உங்கள் தீர்ப்பிலாவது அவர்களுக்குக் கொடுங்கள், நடுவர் அவர்களே. நன்றி, வணக்கம்.