சிம்பன்சி நமக்குத் தாத்தா இல்ல, பங்காளி

(ஞாயித்துக்கிழமை சாயங்காலம் நூலகத்துல பேசினது. பேசின மாதிரியே எழுதியிருக்கேன்.)

எல்லாருக்கும் வணக்கம். இந்த மழையிலயும் எம்ஆர்டி ரயில் ஏறி வந்திருக்கீங்க, ரொம்ப சந்தோஷம். போன ஸ்கூல் லீவுல மகளோட நம்ம சிங்கப்பூர் மண்டாய் ஜூவுக்குப் போயிருந்தேன், பக்கத்துல நின்ன ஒரு பாட்டி சிம்பன்சியைப் பார்த்துக்கிட்டே கேட்டாங்க, "ஏந்தம்பி, குரங்குலேர்ந்துதான் மனுசன் வந்தான்னா இது மட்டும் ஏன் இன்னும் குரங்காவே இருக்கு?" நல்ல கேள்விங்க. அங்க நின்னபடி சரியா பதில் சொல்ல முடியல, அது மனசுலயே கிடந்துச்சு, அதான் இன்னைக்கு இந்தப் பேச்சு.

சிம்பன்சியிலேர்ந்து நாம வரவே இல்ல. ஆப்பிரிக்காவுல சுமார் 60, 70 லட்சம் வருசத்துக்கு முன்னாடி ஒரு மூதாதை இருந்துச்சு, அது சிம்பன்சியும் இல்ல மனுசனும் இல்ல, அதோட வம்சம் ரெண்டாப் பிரிஞ்சு ஒரு கிளை நாம ஆனோம், இன்னொரு கிளை சிம்பன்சியும், அது மாதிரியே இருக்கிற போனோபோங்கிற குரங்கும் ஆச்சு. இதுக்குத் தமிழ்ல கச்சிதமா ஒரு சொல் இருக்கு, பங்காளி. உங்க பெரியப்பா மகன் ஊர்ல வயல் பார்க்கிறாரு, நீங்க இங்க ஈசூன்ல வீவக அடுக்குமாடி வீட்டுல இருக்கீங்க, அவர்லேர்ந்து நீங்க வந்தீங்கன்னு யாராவது சொல்வாங்களா? ரெண்டு பேருக்கும் ஒரே தாத்தா, அவ்வளவுதான். அந்த 60 லட்சம் வருசமும் சிம்பன்சி சும்மா உக்காந்திருக்கல, அதுவும் அதுக்கேத்த மாதிரி மாறிக்கிட்டேதான் வந்திருக்கு.

மெக்ரிட்சி நீர்த்தேக்கத்துக் காட்டுல நம்ம கையில இருக்கிற பிளாஸ்டிக் பையைப் பிடுங்குதே நீளவால் குரங்கு, அது தூரத்துச் சொந்தம், பிரிஞ்சு 2 கோடி வருசத்துக்கும் மேல ஆச்சு. வாலில்லாக் குரங்குங்க கதை வேற. நம்ம ஜூவுல இருந்த ஒராங் ஊத்தான் ஆ மெங் ஞாபகம் இருக்கா, 2008ல அது செத்தப்ப ஊரே அழுதுச்சு. ஒராங் ஊத்தான்னா மலாய்ல காட்டு மனுசன்னு அர்த்தம், எவ்வளவு சரியா பேர் வச்சிருக்காங்க பாருங்க! ஆனா ஒராங் ஊத்தானைவிட, கொரில்லாவைவிட, சிம்பன்சிக்கு நெருங்கின சொந்தம் நாமதான். சிம்பன்சியையும் கொரில்லாவையும் பக்கத்துல பக்கத்துல பார்த்தா அது ரெண்டும் ஒண்ணு நாம வேறன்னுதான் கண்ணுக்குத் தோணும், மரபணு அப்படிச் சொல்லல.

2005ல சிம்பன்சியோட மரபணுத் தொகுதியை, அதாவது அதோட டிஎன்ஏ எழுத்துக்களை, வெளியிட்டாங்க. ஏறக்குறைய 300 கோடி எழுத்துல சுமார் 3.5 கோடி எழுத்து மாறியிருக்கு, அதாவது 100க்கு 1.2. அதுபோக துண்டு துண்டா சேர்ந்ததும் விட்டுப்போனதும் தனிக்கணக்கு, அதனால 99 சதவீதம் ஒண்ணுன்னு மட்டும் சொன்னா அது பாதிக் கணக்குங்க.

எனக்கு ஒத்துமையைவிட தப்புதான் பெரிய சாட்சி. எங்க தாத்தா கப்பல்ல வந்து இறங்கினப்ப பேர் எழுதின கிளார்க் ஒரு எழுத்தை விட்டுட்டாரு, இன்னைக்கு வரைக்கும் எங்க அப்பா, சித்தப்பா, பினாங்குல இருக்கிற அத்தை எல்லார் அடையாள அட்டையிலயும் அதே எழுத்து இல்ல. அதே எழுத்து விட்ட பேரை எங்க பார்த்தாலும் எனக்குத் தெரியும், இவங்க எங்க ஆளு. ஆட்டுக்கும் நாய்க்கும் வைட்டமின் சி உடம்புலயே உண்டாகுது, நமக்கு உண்டாகாது, எலுமிச்சம்பழமோ நெல்லிக்காயோ சாப்பிட்டாத்தான் உண்டு. அதைச் செய்யிற மரபணு நம்மகிட்ட இல்லாம இல்ல, உடைஞ்சு கிடக்கு. சிம்பன்சிகிட்டயும் உடைஞ்சுதான் இருக்கு, மெக்ரிட்சி குரங்குகிட்டயும் அப்படித்தான்.

இன்னொண்ணு, எனக்கு இதுதான் ரொம்பப் பிடிச்சது. டிஎன்ஏவைச் சுருட்டி வச்சிருக்கிற கட்டுதான் குரோமோசோம். சிம்பன்சிக்கு அது 24 ஜோடி, கொரில்லாவுக்கும் ஒராங் ஊத்தானுக்கும் 24, நமக்கு மட்டும் 23. ஒரு ஜோடி எங்க போச்சு? ஒவ்வொரு குரோமோசோம் நுனியிலயும் ஒரே எழுத்துக்கள் திரும்பத் திரும்ப வரும், முந்தானைக் குஞ்சம் மாதிரின்னு வச்சுக்குங்க. ஒரு நீளமான துணியைப் பிரிச்சுப் பார்க்கிறீங்க, நட்டநடுவுல குஞ்சம் இருக்கு, என்ன நினைப்பீங்க? யாரோ ரெண்டு புடவையை முந்தானையோட முந்தானை சேர்த்துத் தைச்சிருக்காங்கன்னுதானே. நம்ம 2ஆம் குரோமோசோமுக்கு உள்ள அப்படியே நுனி எழுத்து இருக்கு, அதாவது முன்னாடி ரெண்டா இருந்தது நம்ம கிளையில ஒண்ணா ஒட்டிக்கிச்சு, 1991ல அந்தத் தையலைக் கண்டுபிடிச்சாங்க. நம்ம ஒவ்வொருத்தர் உடம்புலயும், இந்த ஹால்ல உக்காந்திருக்கிற எல்லார்கிட்டயும், அந்தத் தையல் இருக்கு.

கடைசியா ஒண்ணு, இது மனசைக் கஷ்டப்படுத்துற விஷயம். 2013ல உகாண்டாவுல கிபாலே காட்டுல சிம்பன்சிங்க இருமிக்கிட்டே செத்துச்சு, 5 செத்துப்போச்சு. காரணம் ரைனோவைரஸ் சி, நம்ம பிள்ளைங்களுக்கு சளி பிடிக்க வைக்கிற வைரஸ் வகை. நமக்கு ரெண்டு நாள் மூக்கு ஒழுகிட்டுப் போறது அதுங்களுக்கு எமன், அவ்வளவு கிட்டத்துச் சொந்தம். ஏற்கெனவே காடு அழியுது, கறிக்காக வேட்டை, அதுக்கு மேல இது. அதான் சிம்பன்சியைப் பார்க்கக் காட்டுக்குப் போறவங்க முகக்கவசம் போட்டுக்கிட்டு, சளி இருந்தா போகாம, பல மீட்டர் தள்ளியே நிக்கிறாங்க. கோவிட் நேரத்துல வயசான அம்மா அப்பாவை வாசல்ல தள்ளி நின்னு பார்த்துட்டு வந்தோமே, அதே மாதிரி.