விமானத்தில் கால் வைக்காதவர்களின் கடன்

நேயர்களுக்கு வணக்கம்.

1979 செப்ரெம்பர் 1ஆம் திகதி எயார் லங்கா பறக்கத் தொடங்கியபோது எனக்குப் பன்னிரண்டு வயது. யாழ்ப்பாணத்தில் எங்கள் வீட்டு விறாந்தையில் ஐயா பத்திரிகையை விரித்து வைத்துக்கொண்டு அந்தப் பெரிய போயிங் 707 படத்தைக் கன நேரம் பார்த்தபடி இருந்தார், நானும் தம்பியும் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தோம், பக்கத்து வீட்டு மாஸ்ரரும் வந்து பார்த்தார். எங்களுக்கெல்லாம் ஒரே புளுகம். நாட்டுக்குச் சொந்தமாகப் புதுப் பிளேன் கொம்பனி, வாலில் மயில் சின்னம், இராவணனின் விமானத்தை நினைவூட்டுகிற மயில். ஐயா மட்டும் ஒரு கேள்வி கேட்டார். "உது எங்கட பலாலிக்கு வருமோ?"

அவர் அப்படிக் கேட்டதற்குக் காரணம் இருந்தது. இதற்கு முன்னால் இருந்த அரச விமான சேவை எயார் சிலோன். அதன் முதல் பயணம் 1947 டிசம்பர் 10ஆம் திகதி, சுதந்திரம் கிடைப்பதற்கு இரண்டு மாதத்துக்கு முன்பே நடந்தது. 'சீதாதேவி' என்று பெயர் வைத்த ஒரு டகோட்டா விமானம் கொழும்புக்குப் பக்கத்து இரத்மலானையில் கிளம்பி, காங்கேசன்துறை விமானத்தளத்தில், அதாவது எங்கள் பலாலியில் இறங்கி, அங்கிருந்து சென்னைக்குப் போனது. நாட்டின் தேசிய விமான சேவை பறந்த முதல் பாதையே பலாலி வழியாகத்தான் போனது என்பதை இன்றைக்குப் பலர் மறந்துவிட்டார்கள். பின்னாளில் பலாலியில் இருந்து திருச்சிக்கும் எயார் சிலோன் ஓடியது. ஐயா ஒரு தடவை அதில் போய்ப் பழனியும் ஸ்ரீரங்கமும் கும்பிட்டு வந்தவர், அந்தக் கதையை எத்தனை தரம் கேட்டிருப்போம் என்று கணக்கில்லை. நட்டமும் சீர்கேடான நிர்வாகமும் சேர்ந்து 1978இல் அந்தக் கொம்பனியை மூடினார்கள், பலாலியின் இந்தியப் பாதையும் அதோடு போனது.

சரி, புதிய கொம்பனி எப்படி வந்தது? ஜே.ஆர். ஜயவர்தன 1977இல் ஆட்சிக்கு வந்து பொருளாதாரத்தைத் திறந்துவிட்டவர், சிங்கப்பூரைப் பார்த்து அதே போல ஆகவேண்டும் என்று விரும்பியவர். விமான சேவை ஒன்று வேண்டும் என்று சிங்கப்பூர்ப் பிரதமர் லீ குவான் யூவிடம் உதவி கேட்டார். லீ பின்னாளில் இதைப் பற்றி எழுதியிருக்கிறார். இப்போது உங்களுக்கு இதுதான் முதல் தேவையா என்று அவர் கேட்டாராம். நீர்ப்பாசனத்துக்கும் விவசாயத்துக்கும் வீடமைப்புக்கும் வேண்டிய நல்ல நிர்வாகிகளை விமானக் கொம்பனி இழுத்துக்கொண்டு போய்விடும் என்பது அவர் கவலை. ஜே.ஆர். விடவில்லை. சிங்கப்பூர் எயார்லைன்ஸ் தன்னுடைய ஊழியர்கள் 80 பேரை இங்கே அனுப்பி, பயிற்சி கொடுத்து, வெளிநாட்டு அலுவலகங்கள் திறக்க உதவி செய்து, ஆறு மாதத்தில் கொம்பனியை நிறுத்திக் காட்டியது. அதனிடம் இருந்து வந்த இரண்டு 707 விமானங்களோடு எயார் லங்கா தொடங்கியது.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க விரும்புகிறேன். இரண்டு விமானம், அனுபவமுள்ள 80 பேர் பக்கத்தில், மத்திய கிழக்குக்கு வேலைக்குப் போகிற எங்கள் சனம் வருடா வருடம் கூடிக்கொண்டு போன காலம். நல்ல தொடக்கம் என்றுதான் நான் சொல்வேன். அப்புறம் சிங்கப்பூர்க்காரர் வேண்டாம் என்று சொல்லியும் கேளாமல் மேலும் பழைய விமானங்கள் வாங்க எங்கள் ஆக்கள் முடிவெடுத்தார்கள், சிங்கப்பூர்க்காரர் விலகிக்கொண்டார்கள். 1984இல் அவுஸ்திரேலியாவின் குவான்டாஸிடம் இருந்து ஜம்போ 747 கூட வந்தது.

நான் இருபத்தைந்து வருடம் கொழும்பு வெள்ளவத்தையில் விமான ரிக்கற் விற்றவன், அந்த அனுபவத்தில் இதைச் சொல்கிறேன். பெரிய விமானம் பார்க்க அழகு, ஆனால் அதில் காலியாகப் பறந்த இருக்கையை மறுநாள் விற்க முடியாது. விற்காமல் வாடிப்போன கத்தரிக்காயையாவது மாட்டுக்குப் போடலாம், இருக்கை விமானம் எழும்பிய அந்த நிமிசமே செத்துவிடும். எரிபொருளுக்கு டொலர், குத்தகைக்கு டொலர், எஞ்சின் திருத்தத்துக்கு டொலர். ரூபாய் விழ விழ, ஒரு பயணி கூடக் குறையாமலே நட்டம் ஏறும். தனியார் கொம்பனி என்றால் பாதையை மூடும், விமானத்தைத் திருப்பிக் கொடுக்கும். அரச கொம்பனிக்குத் திறைசேரி பின்னால் நிற்கிறது என்று எல்லோருக்கும் தெரியும், அதனால் யாரும் அவசரப்படுவதில்லை.

1998இல் எயார் லங்காவின் 40 சதவீதப் பங்கை டுபாயின் எமிரேட்ஸ் விமானக் கொம்பனி 70 மில்லியன் டொலருக்கு வாங்கிப் பத்து வருடத்துக்கு நிர்வாகத்தையும் எடுத்தது, பெயரும் ஸ்ரீலங்கன் எயார்லைன்ஸ் ஆனது. 2001 ஜூலையில் கட்டுநாயக்கா விமான நிலையம் தாக்கப்பட்டபோது விமானங்களில் பாதியளவு எரிந்தும் சேதமடைந்தும் போனது. அதற்குப் பிறகும் கொம்பனி எழும்பி நின்றது என்பதை மறக்கக்கூடாது.

2007 டிசம்பரில் நடந்தது என் மனதை விட்டு இன்னும் போகவில்லை. லண்டனில் இருந்து திரும்ப, அப்போதைய ஜனாதிபதி மகிந்த ராஜபக்ஷவின் குழுவினருக்கு இருக்கைகள் கேட்கப்பட்டன. விமானம் ஏற்கெனவே நிறைந்து இருந்தது. காசு கொடுத்து ரிக்கற் எடுத்த பயணிகளை இறக்க முடியாது என்று கொம்பனி சொன்னது. அதற்குப் பிறகு தலைமை நிர்வாகி பீற்றர் ஹில்லின் வேலை அனுமதி ரத்தானது, 2008 மார்ச்சோடு எமிரேட்ஸின் நிர்வாக ஒப்பந்தமும் முடிந்தது, 2010இல் அவர்களுடைய பங்கை அரசு 53 மில்லியன் டொலருக்குத் திருப்பி வாங்கியது. அதற்குள் 2007 ஏப்ரலில் மிஹின் லங்கா என்று இன்னொரு அரச விமானக் கொம்பனி வேறு தொடங்கியிருந்தார்கள், அது அடுத்த வருடமே நின்று, திரும்ப ஓடி, கடைசியில் 2016இல் ஸ்ரீலங்கனோடு சேர்ந்தது.

புதிதாக ஒரு அரச விமானக் கொம்பனி எந்த நாட்டில் தொடங்கினாலும், எத்தனை விமானம், என்ன நிறம், என்ன சீருடை என்றுதான் எல்லோரும் கேட்கிறார்கள். நான் கேட்பது வேறு. அமைச்சரோ ஜனாதிபதியோ தொலைபேசி எடுத்தால், "இல்லை ஐயா, முடியாது" என்று சொல்லிவிட்டு அடுத்த நாளும் அதே கதிரையில் இருக்கக்கூடிய ஆள் அங்கே இருக்கிறாரா? எங்களிடம் ஒருவர் இருந்தார், அவர் போய்விட்டார்.

அதன் விலை என்ன என்று 2022 மே மாதம் தெரிந்தது. பெற்றோலுக்கும் எரிவாயுவுக்கும் வரிசையில் நின்ற நாட்கள் அவை. புதிதாகப் பிரதமரான ரணில் விக்ரமசிங்க தொலைக்காட்சியில் பேசினார். 2020-2021 ஒரு வருடத்தில் மட்டும் ஸ்ரீலங்கனின் நட்டம் 45 பில்லியன் ரூபாய், 2021 மார்ச் வரைக்கும் மொத்தம் 372 பில்லியன் என்றார். விமானத்தில் ஒரு நாளும் கால் வைக்காத ஏழைகளும் இந்த நட்டத்தைச் சுமக்கிறார்கள் என்றும் சொன்னார். அரசியலில் அவரோடு எனக்கு எத்தனையோ விலகல் உண்டு, இந்த வார்த்தை மட்டும் முள்ளுப் போலக் குத்தியது. தோட்டத்தில் கொழுந்து பறிக்கிற பெண் பருப்பு வாங்கும்போது கட்டுகிற வரியிலும் அந்த நட்டத்தில் ஒரு துளி இருக்கிறது. இதுபோக, அரசு உத்தரவாதம் கொடுத்த 175 மில்லியன் டொலர் கடன்பத்திரம் வேறு.

அரச விமான சேவையே கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. லாபம் குறைந்த ஊருக்கும் ஒரு பாதை திறந்து கொடுக்க அரசால் முடியும், முடியவேண்டும். 2019 ஒக்ரோபர் 17ஆம் திகதி பலாலி சர்வதேச விமான நிலையமாகத் திறந்தபோது, சென்னையில் இருந்து வந்து இறங்கியது அலையன்ஸ் எயாரின் சின்ன ஏ.ரி.ஆர். விமானம். இந்திய அரசின் கொம்பனி அது. 41 வருடத்துக்குப் பிறகு அந்தப் பாதை திரும்ப வந்தது, கொண்டு வந்தது எங்கள் தேசிய விமான சேவை இல்லை. ஐயாவின் கேள்விக்குப் பதில் அப்படித்தான் வந்தது, அதைக் கேட்க ஐயா இல்லை.

போன வருடம் அம்மாவைக் கண் வைத்தியத்துக்குச் சென்னைக்குக் கூட்டிப் போனேன். முந்தி என்றால் யாழ்ப்பாணத்தில் இருந்து இரவு முழுக்க பஸ்ஸில் கொழும்புக்குப் போய், கட்டுநாயக்காவில் காத்திருந்து, பிறகுதான் பிளேன். இப்போது வீட்டில் காலைச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு பலாலிக்குப் போனோம். படியில் ஏறும்போது அம்மா என் கையை இறுக்கிப் பிடித்தபடி ஒரு நிமிசம் நின்றா. எண்பத்து மூன்று வயதில் அவ விமானத்தில் கால் வைத்தது அதுதான் முதல் தடவை.