நீறு பூத்த தணலும் உருளைக்கிழங்கும்

வணக்கம் நேயர்களே.

வெட்டவெளியில் கரி மூட்டிக் கம்பித்தட்டில் சுட்டுச் சாப்பிடுவதைப் பற்றிப் பேச வரச் சொன்னார்கள். உருளைக்கிழங்கைப் பற்றி மட்டும் பேசிக்கொள்கிறேன் என்றேன். “முழு நேரமும் உருளைக்கிழங்கா?” என்று தயாரிப்பாளர் சிரித்தார். சிரிக்கட்டும். கிரில் அடுப்பில் இறைச்சியைச் சுமாராகச் சுட்டுச் சமாளித்த பலரை நான் பார்த்திருக்கிறேன். உருளைக்கிழங்கில் கோட்டை விடாதவர்கள் மிகக் குறைவு. அந்தக் கூட்டத்தில் முதல் ஆள் நான்.

முதன்முதலாக கிரில் வாங்கிய புதிதில் நண்பர்களை அழைத்திருந்தேன். கிழங்கை விரல் தடிமனுக்கு வட்ட வட்டமாக நறுக்கி, எண்ணெயும் உப்பும் புரட்டி, கரி கொழுந்துவிட்டு எரியும்போதே கம்பியின் மேல் பரப்பினேன். ஐந்தாறு நிமிடத்தில் நல்ல வாசனை. இடுக்கியால் புரட்டினால் அடிப்பக்கம் கன்னங்கரேல். சரி, மறுபக்கத்தையாவது காப்பாற்றலாம் என்று ஓரமாக நகர்த்தினேன். அதுவும் கருகியது. கருப்பு என்றால் வெந்திருக்கத்தானே வேண்டும் என்று தட்டில் வைத்துக் கொடுத்துவிட்டேன். கடித்த எல்லார் வாயிலும் ‘நறுக்’ என்று ஒரு சத்தம். மொறுமொறுப்பின் சத்தம் அல்ல அது, பச்சைக் கிழங்கின் சத்தம். “வித்தியாசமா இருக்கு” என்றார் ஒரு நண்பர். சாப்பாட்டைப் பற்றி ஒருவர் அப்படிச் சொன்னால் என்ன பொருள் என்று உங்களுக்கே தெரியும்.

வெளியே கரி, உள்ளே பச்சை. ஏன் அப்படி ஆகிறது? உருளைக்கிழங்கின் எடையில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். மிச்சத்தில் பெரும்பகுதி மாவுச்சத்து. 60, 70 டிகிரி செல்சியஸ் வந்தால் அந்த மாவுச்சத்து தண்ணீரை உறிஞ்சி ஊதிவிடும். ஆனால் அதோடு கிழங்கு மெத்தென்று ஆகிவிடாது. அதன் செல்களை ஒன்றோடொன்று ஒட்டி வைத்திருக்கும் பெக்டின் என்ற பசை 80 டிகிரிக்கு மேல்தான் இளகத் தொடங்கும். நடுப்பகுதி 95 டிகிரியை நெருங்கினால்தான் நாம் ‘வெந்துவிட்டது’ என்று சொல்லும் பதம். கோழி இறைச்சிக்கு 74 டிகிரி போதும். அதாவது கோழியைவிட, உள்ளே அதிகச் சூடு ஏற வேண்டியது இந்தச் சாதுவான கிழங்குக்குத்தான்.

அதற்குள் சூடு நகர்வதோ ஆமை வேகத்தில். துண்டின் தடிமனை இரண்டு மடங்கு ஆக்கினால் நடுவில் வேக ஆகும் நேரம் ஏறக்குறைய நான்கு மடங்கு ஆகிவிடும். மேல்பக்கத்தின் கதையே வேறு. தணலுக்கு மேலே கம்பித்தட்டு 300 டிகிரியைக்கூட எட்டும். தோல் காய்ந்து 140 டிகிரி தாண்டியதும் சிவக்கத் தொடங்கும், சற்று அசந்தால் கருகும். நடுப்பகுதி வெதுவெதுப்பாகும் முன்பே மேல்பக்கம் கதை முடிந்துவிடுகிறது.

இதில் நெருப்பைக் குற்றம் சொல்லி என்ன பயன்? உள்ளே வேக வைப்பது ஒரு வேலை, வெளியே சிவக்க வைப்பது இன்னொரு வேலை. இரண்டையும் ஒரே தணலின் தலையில் கட்டியது நான். அப்புறம்தான் வேலையைப் பிரித்தேன். உள்ளே வேக வைப்பதைத் தண்ணீர் பார்த்துக்கொள்ளும். தணலுக்கு மேல்தோல் மட்டும்.

கிழங்கைத் தோலோடு நன்றாகத் தேய்த்துக் கழுவி, ஒன்றரை சென்டிமீட்டர் தடிமனுக்கு நறுக்கிக்கொள்ளுங்கள். பச்சைத் தண்ணீரில் போட்டு அடுப்பில் வையுங்கள். கொதிக்கிற தண்ணீரில் போட்டால் நடுப்பகுதி வேகும் முன் ஓரம் குழைந்து உதிரும். லிட்டருக்கு இரண்டு தேக்கரண்டி உப்பு. கொதி வந்ததும் தீயைக் குறைத்து எட்டு, பத்து நிமிடம். இதில் ஒரு தேக்கரண்டி வினிகர் சேர்ப்பது என் வழக்கம். புளிப்பு இருந்தால் அந்தப் பெக்டின் சீக்கிரம் கரையாது. கம்பியில் புரட்டும்போது துண்டு உடையாமல் நிற்கும்.

பதம் பார்ப்பதற்கு ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு என்ற கணக்கு இங்கே உதவாது. துண்டுகள் ஒரே அளவில் இருக்காது. இருப்பதிலேயே பெரிய துண்டைத் தேடி எடுத்துக் கத்தி முனையால் குத்துங்கள். முதலில் வழுக்கிக்கொண்டு இறங்கும், நடுவில் லேசாகப் பிடிக்கும். அந்த முக்கால் பதத்தில் வடித்துவிட வேண்டும். கத்தி தடையே இல்லாமல் இறங்கினால் தாமதம் ஆகிவிட்டது, மசித்துச் சாப்பிட்டுக்கொள்ளலாம்.

வடித்ததும் அடுத்த வேலைக்கு ஓடாதீர்கள். வடிதட்டிலேயே பத்து நிமிடம் விட்டுவிட்டு, பக்கத்தில் நின்று பாருங்கள். முதலில் ஒவ்வொரு துண்டும் ஈரத்தில் பளபளக்கும், ஆவி குபுகுபுவென்று கிளம்பும். மெல்ல மெல்லப் பளபளப்பு மங்கும். ஓரங்கள் வெளுத்து, சுண்ணாம்பு தடவினதுபோல ஆகும். விரலால் தொட்டால் நரநரவென்று மாவு ஒட்டும். பின்னால் மொறுமொறுப்பாக மாறப்போவது அந்த மாவுதான். ஈரத்தோடு கம்பியில் வைத்தால், தணலின் சூடெல்லாம் அந்த ஈரத்தை விரட்டவே செலவாகும். கிழங்கு சிவக்காமல் வெளிறி நிற்கும். எண்ணெயை இந்தக் கட்டத்தில் துண்டின் மேல் தடவுங்கள், கம்பியில் ஊற்ற வேண்டாம். ஊற்றினால் தணலில் சொட்டி, தீ எகிறி, புகைக்கரி முழுவதும் கிழங்கில் படியும்.

இனி நெருப்பு. ‘நீறு பூத்த நெருப்பு’ என்று நாம் சொல்வது ஏமாற்றும் அமைதியைக் குறிக்க. கிரிலுக்கு வேண்டியது அச்சு அசலாக அதுதான். கொழுந்து அடங்கி, கரியெல்லாம் சாம்பல் பூத்து, உள்ளே மட்டும் சிவப்பாகக் கனிந்து தெரிய வேண்டும். பொறுமை இல்லாமல் முதல் கொழுந்திலேயே வைப்பவர்களைப் பார்த்தால் எனக்குப் பழைய என்னைப் பார்ப்பதுபோல இருக்கும். தணலை ஒரு பக்கமாகத் தள்ளிக் குவித்து, மறுபக்கத்தைக் காலியாக விடுங்கள். வாயு அடுப்பு என்றால் ஒரு பர்னரை அணைத்துவிட்டால் போதும். இப்போது சூடான பக்கம் ஒன்று, ஒதுங்கி நிற்க ஒரு பக்கம். உள்ளங்கையைக் கம்பிக்கு மேல் நாலு விரற்கடை உயரத்தில் காட்டி எண்ணிப் பாருங்கள். இரண்டு எண்ணுவதற்குள் கையை இழுத்தால் சூடு மிக அதிகம். நாலு, ஐந்து வரை தாங்கினால் கிழங்குக்குச் சரியான நேரம்.

துண்டை வைத்ததும் ‘சுர்’ என்று ஒரு சத்தம் வர வேண்டும். வராவிட்டால் எடுத்துவிட்டுக் காத்திருங்கள். வைத்த பிறகு மூன்று நிமிடம் தொடாதீர்கள். இடுக்கி கையில் இருந்தால் சும்மா இருக்க முடியாதுதான், எனக்கும் தெரியும். ஆனால் ஈரம் வற்றி மேல்தோல் இறுகும்வரை கிழங்கு கம்பியைப் பிடித்துக்கொண்டிருக்கும். அப்போது இழுத்தால் தோல் கம்பியோடு தங்கிவிடும், வெறும் சதை கையோடு வரும். பதம் வந்ததும் இடுக்கி பட்டவுடனே தானாகக் கழன்று கொடுக்கும். கம்பிக் கோடுகள் பொன்னிறமாக விழுந்திருக்கும். மறுபக்கமும் மூன்று நிமிடம். ஏதாவது முந்திரிக்கொட்டைத்தனமாகச் சிவந்தால் காலிப் பக்கத்துக்குத் தள்ளிவிடுங்கள். பூண்டு, மிளகு எல்லாம் இறக்கிய பின் சேர்த்தால் போதும். நறுக்கிய பூண்டு கிழங்குக்கு முன்னால் கருகிக் கசந்துவிடும்.

எந்தக் கிழங்கு நல்லது என்று கேட்பார்கள். வெந்தால் மாவாக உதிரும் வகை உண்டு, மெழுகுபோல இறுகி நிற்கும் வகை உண்டு. கம்பித்தட்டுக்கு இரண்டாவது வகை. முழுதாகச் சுட முதல் வகை. பெயரைப் பார்த்து மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம், ஒன்றை வேக வைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும்.

ஆனால் தோலில் பச்சை ஓடிய கிழங்கை ஒதுக்கிவிடுங்கள். அந்தப் பச்சை நிறம் வெறும் பச்சையம்தான், அதனால் கெடுதல் இல்லை. அது காட்டிக்கொடுக்கும் சொலனின் என்ற நஞ்சுதான் கெடுதல். அது தணலில் சுட்டாலும் போகாது. வேகாத கிழங்கைக் குளிர்பதனப் பெட்டியிலும் வைக்காதீர்கள். குளிரில் அதன் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். அப்படிப்பட்ட கிழங்கு கம்பியில் சட்டென்று கருக்கும். கருகக் கருக, உடலுக்கு ஆகாது என்று சந்தேகிக்கப்படும் அக்ரிலமைடு என்ற வேதிப்பொருளும் கூடும். உணவில் அது உருவாகிறது என்பதை 2002-இல் சுவீடன் நாட்டு ஆய்வாளர்கள் கண்டு சொன்னார்கள். நெடுநேரம் அதிகச் சூட்டில் வாட்டினால் அதிகம் சேரும். பொன்னிறத்தில் நிறுத்திக்கொள்வது நாக்குக்கும் நல்லது.

அலுமினியத் தாளில் சுற்றி வைப்பவர்களோடு எனக்கு ஒரு சின்னத் தகராறு உண்டு. அது சுடுவது அல்ல, ஆவியில் அவிப்பது. தோல் ஈரத்துணிபோலத் தொளதொளவென்று ஆகிவிடும், புகையின் வாசனை உள்ளே எட்டிப் பார்க்காது. பளபளப்பான பக்கம் உள்ளேயா வெளியேயா என்று சிலர் சண்டை போடுவார்கள். எப்படிச் சுற்றினாலும் ஒன்றுதான். அந்தத் தாளில் நான் உண்மையிலேயே பயப்படுவது வேறு விஷயத்துக்கு. 1994-இல் அமெரிக்காவின் எல் பாசோ நகரில் ஒரு உணவகத்தில், தாளில் சுற்றிச் சுட்ட உருளைக்கிழங்குகளைச் சூடு ஆறிய பின்னும் வெளியிலேயே விட்டு, பிறகு தொட்டுக்கொள்ளும் பண்டத்தில் சேர்த்துப் பரிமாறினார்கள். 30 பேருக்கு போட்டுலிசம் என்ற நரம்பைத் தாக்கும் நோய் வந்தது. மண்ணில் இருக்கும் அந்தக் கிருமியின் வித்துகள் கிழங்கோடு வந்துவிடும், சுடும் சூட்டையும் தாங்கும். தாளுக்குள் காற்று புகாது, ஈரம் இருக்கும், மெல்ல ஆறும் சூடும் இருக்கும். அதற்கு வேறென்ன வேண்டும்? ஆகவே தாளில் சுட்டால் சூட்டோடு சாப்பிடுங்கள். மிச்சம் இருந்தால் தாளைப் பிரித்துவிட்டுக் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள்.

பேச்சுவாக்கில் இன்னொன்று. மழை வந்துவிட்டது என்று கரி கிரிலை அறைக்குள்ளோ கார் கொட்டகைக்குள்ளோ இழுத்துக்கொண்டு போகாதீர்கள். கரி விடும் கார்பன் மோனாக்சைடுக்கு வாசனை கிடையாது, ஆளைச் சாய்க்கும் வரை தெரியாது. நனைந்தால் நனையட்டும்.

எனக்குப் பிடித்தது, விருந்து முடிந்து எல்லாரும் பேசிக்கொண்டிருக்கும்போது செய்வது. ஆறிக்கொண்டிருக்கும் தணலை விலக்கி, உள்ளங்கையில் அடங்கும் கிழங்குகளைத் தோலோடு நாலு இடத்தில் முள்கரண்டியால் குத்தி, அடுக்கி, மேலே சாம்பலையும் தணலையும் மூடிவிடுவேன். தாளும் இல்லை, எண்ணெயும் இல்லை. குத்தாமல் விட்டால் உள்ளே அடைபட்ட ஆவி சமயத்தில் கிழங்கை வெடிக்கவைத்துச் சாம்பலை முகத்தில் வாரி இறைக்கும். முக்கால் மணியிலிருந்து ஒரு மணி நேரம், நடுவில் ஒரே ஒரு முறை புரட்டல். இங்கே உள்வேலை, வெளிவேலை இரண்டையும் தணலே செய்கிறது, அவசரம் இல்லாததால் செய்ய முடிகிறது. எடுத்துத் தட்டினால் கரியாகிப்போன தோல் ஓடுபோல விலகும். அதைத் தள்ளிவிட்டு, ஆவி பறக்கும் வெள்ளை மாவில் கொஞ்சம் வெண்ணெயும் கல் உப்பும் போட்டு, கை மாற்றிக் கை மாற்றி ஊதி ஊதிச் சாப்பிடுவோம். அன்றைக்கு “வித்தியாசமா இருக்கு” என்ற அதே நண்பர் இப்போதெல்லாம் இதற்காகவே கடைசி வரை கிளம்பாமல் உட்கார்ந்திருக்கிறார்.

நன்றி, வணக்கம்.