துயரத்தின் உச்சத்தில் சொல் எதற்கு?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். கிரேக்கத் துயரக் கதையைச் சொல்ல மௌனப்படம் போதுமா, போதாதா என்பது இன்றைய வழக்கு. போதும் என்று வாதாட வந்திருக்கிறேன்.

எதிரணி நண்பர், "கிரேக்கத் துயரத்தின் உயிரே சொல்லில்தான் இருக்கிறது, வசனம் போனால் வெறும் கூடு" என்றார். சரி, அந்தக் கவிஞர்களையே சாட்சிக்கு அழைக்கிறேன். கிரேக்க நாடகாசிரியர் சோஃபக்ளிஸின் 'ஆன்டிகனி' நாடகத்தில், மகன் செத்த விதத்தைத் தூதன் சொல்லி முடிக்கிறான். கேட்டு நின்ற தாய் யூரிடிசி ஒரு வார்த்தை பேசவில்லை. உள்ளே போய் உயிரை விடுகிறாள். அவருடைய இன்னொரு நாடகத்தில், தான் அனுப்பிய ஆடையே கணவனைக் கொல்கிறது என்று மகன் வாயால் கேட்ட தெயனைராவும் பேசாமல்தான் போகிறாள். இன்னொரு கிரேக்க நாடகாசிரியர் எஸ்கிலஸோ, பிள்ளைகளைப் பறிகொடுத்த நியோபியை முக்காடிட்டு நெடுநேரம் ஊமையாகவே மேடையில் உட்கார வைத்தார். சொல்லை ஆண்ட மனிதர்கள் ஐயா இவர்கள்! துயரம் முற்றிய இடத்தில் அவர்களே சொல்லை விலக்கிவிட்டார்கள்.

இப்போது படத்துக்கு வருகிறேன். மான்ஃப்ரெட் நோவா ஜெர்மனியில் எடுத்து 1924-இல் வெளிவந்த 'ஹெலனா'. ட்ராய் நகரத்தின் அழிவை இரண்டு பாகமாக, மூன்று மணி நேரத்துக்கு மேல் சொல்லும் படம். பெயர் ட்ராய் போருக்குக் காரணமான ஹெலனுக்கு என்றாலும், என்னை உலுக்கியவர் 'பிரியம்' என்ற ட்ராயின் கிழட்டு அரசன் வேடத்தில் வரும் ஆல்பர்ட் ஸ்டைன்ரூக். முதல் உலகப்போர் முடிந்து ஆறே வருடம் ஆகியிருந்தது. ஜெர்மனி மட்டும் ஏறக்குறைய 20 லட்சம் வீரர்களை இழந்திருந்தது. பிள்ளையைப் போருக்குக் கொடுத்த தகப்பனைத் திரையில் பார்க்க, அந்த நாட்டுப் பெற்றோருக்கு வசனமா வேண்டும்?

ட்ராய் போரைக் காவியமாகப் பாடிய கிரேக்கக் கவிஞர் ஹோமரும் இதை அறிந்தவர்தான். மகன் ஹெக்டரின் உடலைக் கேட்டு வரும் அரசன் பிரியம், அவனைக் கொன்ற கிரேக்க வீரன் அக்கிலிஸின் கைகளை முதலில் முத்தமிடுகிறான். சுற்றி நிற்பவர்கள் திகைத்து ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். பேச்சு அதற்கு அப்புறம்தான் வருகிறது.

"படத்திலும் காட்சிகளுக்கு நடுவே எழுத்து அட்டைகள் வருகின்றனவே?" என்றார்கள். வருகின்றன, மறுக்கவில்லை. யார், எங்கே, என்ன நடந்தது என்று சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்ளும். அட்டையை எந்த மொழியிலும் மாற்றி எழுதலாம். முகத்தை மாற்ற வேண்டியதில்லை. அதனால்தான் ரஷ்யரான விளாதிமிர் கைதரோவ் ஹெலனைக் கவர்ந்துபோன இளவரசன் பாரிஸாகவும், இத்தாலியரான கார்லோ ஆல்தினி அக்கிலிஸாகவும், ஜெர்மானியரான ஸ்டைன்ரூக் அரசன் பிரியம் வேடத்திலும் ஒரே படத்தில் நிற்க முடிந்தது. இவர்களை வசனம் பேச வைத்திருந்தால் இந்தக் கூட்டணியே அமைந்திருக்காது, நடுவர் அவர்களே. இதற்கு எதிரணியின் பதிலைக் கேட்டுத் தீர்ப்புச் சொல்லுங்கள்.